ஒற்றைப் பாட்டுக் குழுக்கள்: ‘ஷ்-பூம்’ பாடியவர்களை முன்வைத்து ஓர் எளிய விளக்கம்

பழைய அமெரிக்கப் பாட்டுகளைக் கேட்க ஆரம்பிப்பவர்களுக்குச் சீக்கிரமே ஒரு விஷயம் தெரிந்துவிடும். 1950-களின் ராக் அண்ட் ரோல் தொகுப்பு எதை எடுத்தாலும் எல்விஸ் பிரெஸ்லி, சக் பெர்ரி, லிட்டில் ரிச்சர்ட் என்று நாலைந்து பெரிய பெயர்கள் திரும்பத் திரும்ப வரும். மீதி இடத்தை நிரப்புவது ஒரே ஒரு தடவை தலைகாட்டிவிட்டுப் போகும் குழுக்கள்தான். கார்ட்ஸ், பென்குவின்ஸ், சில்லவெட்ஸ், எலிகன்ட்ஸ். ஆளுக்கு ஒரு பாட்டு. அந்தப் பாட்டு அந்த வருஷம் அமெரிக்கா முழுக்க ஒலித்திருக்கும். அந்தக் காலத்தைக் காட்டும் சினிமாக்களில் இன்றைக்கும் ஓடும். பாடியது யார் என்று கேட்டால் மட்டும் பதில் வராது.

இப்படிப்பட்ட குழுவை அங்கே ‘ஒன்-ஹிட் வொண்டர்’ என்பார்கள். நாம் ஒற்றைப் பாட்டுக் குழு என்று வைத்துக்கொள்ளலாம். அந்தப் பெயரிலேயே லேசான கேலி இருக்கிறது: ஏதோ அதிர்ஷ்டத்தில் ஒன்று அமைந்தது, அதற்கு மேல் சரக்கு இல்லை என்று. சரக்கு இல்லாத குழுக்களும் இருந்தன, மறுக்கவில்லை. ஆனால் அந்தக் காலத்து இசைத்தட்டு வியாபாரம் நடந்த விதத்தைப் பார்த்தால், திறமை இருந்தும் இரண்டாவது பாட்டு வெற்றி பெறாமல் போவதுதான் சாதாரணம், பெற்றால்தான் ஆச்சரியம். எப்படி என்று பார்க்க, ‘ஷ்-பூம்’ பாடிய நியூயார்க்கைச் சேர்ந்த கார்ட்ஸ் குழுவை எடுத்துக்கொள்கிறேன். அவர்களுக்கு நேராத சங்கடம் ஏறக்குறைய எதுவும் பாக்கியில்லை.

அதற்கு முன் ‘ஹிட்’ என்பதை யார் தீர்மானித்தார்கள் என்று தெரிய வேண்டும். ‘பில்போர்டு’ என்ற வியாபாரப் பத்திரிகை வாராவாரம் பட்டியல் போட்டது. கடைகளில் விற்றது, ஜூக்பாக்ஸில் காசு போட்டுக் கேட்டது, ரேடியோவில் ஒலித்தது எல்லாவற்றுக்கும் தனித்தனிப் பட்டியல். எல்லாவற்றையும் சேர்த்த ‘ஹாட் 100’ 1958 ஆகஸ்டில்தான் வந்தது. இதைவிட முக்கியமான பிரிவு ஒன்று இருந்தது. வெள்ளையர் வாங்கும் பாட்டுக்குப் ‘பாப்’ பட்டியல், கறுப்பர் வாங்கும் பாட்டுக்கு வேறு பட்டியல். இரண்டாவதற்கு 1949 வரை ‘ரேஸ் ரெக்கார்ட்ஸ்’ என்றே பெயர். அந்த வருஷம் அதை ‘ரிதம் அண்ட் ப்ளூஸ்’ என்று மாற்றினார்கள். மாற்றச் சொன்னவர் அப்போது அந்தப் பத்திரிகையில் வேலை பார்த்த ஜெர்ரி வெக்ஸ்லர். இவர் பின்னால் நம் கதைக்குள்ளேயே வருகிறார்.

ஒற்றைப் பாட்டு என்று கணக்குப் போடும்போது எண்ணப்படுவது பெரும்பாலும் பாப் பட்டியல்தான். ரிதம் அண்ட் ப்ளூஸ் பட்டியலில் மூன்று நான்கு தடவை ஏறிய குழுவும், பாப் பக்கம் ஒரு முறை மட்டும் தாண்டியிருந்தால், ஒற்றைப் பாட்டுக் குழுவாகிவிடும். மாரிஸ் வில்லியம்ஸ் இன்னொரு விதம். தெற்குக் கரோலினாக்காரர். கிளாடியோலாஸ் என்ற குழுவோடு 1957-இல் ‘லிட்டில் டார்லின்’ எழுதிப் பாடினார். டொரன்டோவைச் சேர்ந்த டயமண்ட்ஸ் என்ற வெள்ளையர் குழு அதையே பாடி இரண்டாம் இடம் வரை கொண்டுபோனது. 1960-இல் வில்லியம்ஸ் ஸோடியாக்ஸ் என்ற பெயரில் ‘ஸ்டே’ பாடி முதலிடம் பிடித்தார். முழுசாக இரண்டு நிமிடம்கூட ஓடாத அந்தப் பாட்டுதான் அமெரிக்காவில் முதலிடம் வந்ததிலேயே மிகச் சிறியது. ஆக, அதே ஆள், இரண்டு பெரிய பாட்டு, ஆனால் கணக்கில் ஒன்றுதான். பட்டியலைக் கொஞ்சம் சந்தேகத்தோடு பார்ப்பது நல்லது.

சரி, இவர்கள் பாடியது என்ன மாதிரிப் பாட்டு? பின்னாளில் ‘டூ-வாப்’ என்று பெயர் பெற்ற குழுப்பாட்டு. நியூயார்க், ஃபிலடெல்ஃபியா, லாஸ் ஏஞ்சலஸ் போன்ற நகரங்களின் கறுப்பர் குடியிருப்புகளில் வளர்ந்த பையன்கள் தெருமுனையிலும் பள்ளிக்கூட நடையிலும் மாடிப்படிக்கட்டிலும் நின்று பாடிப் பழகியது. படிக்கட்டும் சுரங்க ரயில் நிலையமும் விருப்பமான இடங்கள், ஏனென்றால் அங்கே குரல் எதிரொலித்துக் கனமாகக் கேட்கும். வாத்தியம் வாங்கக் காசு வேண்டும், குரலுக்கு வேண்டாம். அதனால் வாத்தியங்களின் வேலையையும் குரலே செய்தது. ஒருவர் பாட்டை நடத்துவார். இரண்டு பேர் உச்ச ஸ்தாயியில் துணை நிற்பார்கள். இன்னொருவர் நடுக்குரல். கடைசி ஆள் அடிக்குரலில் பும், பும் என்று தாளத்தைத் தாங்குவார். நம் நாட்டுப்புறப் பாட்டில் ‘தன்னானே’ வருவதுபோல அர்த்தமில்லாத அசைகள் இதில் நிறைய வரும். அவை அலங்காரத்துக்காக மட்டும் இல்லை. பியானோவும் கிதாரும் வாசிக்க வேண்டிய இடத்தை அடைப்பவை அவைதான்.

இன்னொரு ரகசியமும் உண்டு. இந்தப் பாட்டுகளில் ஏராளமானவை ஒரே நான்கு ஸ்வரக்கூட்டில் சுற்றிவருபவை. கிதார் தெரிந்தவர்களுக்குச் சொன்னால், சி, ஏ மைனர், எஃப், ஜி, மறுபடி சி. கார்ட்ஸின் ‘ஷ்-பூம்’ அதில்தான் இருக்கிறது, பென்குவின்ஸின் ‘எர்த் ஏஞ்சல்’ அதில்தான் இருக்கிறது. யார் வேண்டுமானாலும் ஒரே சாயங்காலத்தில் கற்றுக்கொள்ளலாம். நூற்றுக்கணக்கான குழுக்கள் முளைத்ததற்கும், ஒன்றைப்போலவே இன்னொன்று கேட்டதற்கும் காரணம் அது.

ஐந்து பேரும் ஒரு பின்பக்கமும்

கார்ட்ஸ் குழு 1951 வாக்கில் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் சேர்ந்தது. கார்ல் ஃபீஸ்டர் முன்னணிக் குரல். அவருடைய சகோதரர் கிளாட் ஃபீஸ்டர் நடுக்குரல். ஜிம்மி கீஸ், ஃபிளாய்ட் மெக்ரே இருவரும் மேல்குரல்கள். வில்லியம் எட்வர்ட்ஸ் அடிக்குரல். பியானோவுக்கு ரூபர்ட் பிராங்கர் இருந்தார். அட்லாண்டிக் ரெக்கார்ட்ஸ் இவர்களை எடுத்துக்கொண்டது. 1947-இல் அஹ்மெத் எர்டெகனும் ஹெர்ப் ஆப்ரம்சனும் தொடங்கிய கம்பெனி அது. பில்போர்டை விட்டு வந்த வெக்ஸ்லர் 1953 முதல் அங்கே பங்குதாரர். இளவட்டங்களைக் குறிவைத்து ‘கேட்’ என்ற பெயரில் ஒரு துணைக் கம்பெனியை அப்போதுதான் ஆரம்பித்திருந்தார்கள். கார்ட்ஸ் அதற்குப் போனார்கள்.

1954 மார்ச் 15 அன்று ஒலிப்பதிவு. கம்பெனி முக்கியமாக நினைத்த பாட்டு ‘ஷ்-பூம்’ இல்லை. அப்போது பாட்டி பேஜ் என்ற வெள்ளைப் பாடகி மெர்க்குரி கம்பெனிக்காகப் பாடிப் பெரிதாக ஓடிக்கொண்டிருந்த ‘கிராஸ் ஓவர் தி பிரிட்ஜ்’ பாட்டைக் கறுப்பர் சந்தைக்கு ஏற்றபடி பாடவைத்து விற்பதுதான் திட்டம். இந்த இடத்தைக் கவனியுங்கள். வெள்ளையர்கள் கறுப்பர் பாட்டை எடுத்துக்கொண்டார்கள் என்றுதான் இந்தக் கதையை வழக்கமாகச் சொல்வார்கள். கார்ட்ஸ் ஸ்டூடியோவுக்குள் போனதோ எதிர்த்திசையில். அடுத்தவர் பாட்டை மறுபடி பாடுவது அன்றைக்கு எல்லோரும் செய்த வியாபாரம். எந்தப் பக்கம் ரேடியோவும் கடைகளும் அதிகமோ, அந்தப் பக்கத்துக்கு அதில் லாபம் அதிகம்.

தட்டுக்கு இரண்டு பக்கம் உண்டு என்பதால் பின்பக்கத்துக்கு ஏதாவது வேண்டும். பையன்கள் தாங்களே உருவாக்கி வைத்திருந்த ‘ஷ்-பூம்’ அங்கே போனது. இரண்டரை நிமிடம்கூட இல்லை. எடுத்த எடுப்பிலேயே ஐந்து குரலும் சேர்ந்து ஒலிக்கும். அப்புறம் கார்ல் ஃபீஸ்டர் சும்மா தெருவில் நடந்துபோகிறவர் மாதிரி அலட்டிக்கொள்ளாமல் பாடுவார். நடுவில் அடிக்குரல் முன்னால் வந்து சில வரிகளை எடுத்துக்கொள்ளும். பின்னால் சாம் டெய்லரின் சாக்ஸஃபோன் வந்து புரட்டிப் போட்டுவிட்டுப் போகும். குழுவினர் யாரும் முறையாகச் சங்கீதம் படித்தவர்கள்போலக் கேட்பதில்லை. அதுதான் அதன் அழகு.

ரேடியோவில் தட்டு போடுகிறவர்கள் பின்பக்கத்தைத் திருப்பிப் போட்டார்கள். கம்பெனியும் சுதாரித்துக்கொண்டது. அடுத்து அடித்த பிரதிகளில் ‘கிராஸ் ஓவர் தி பிரிட்ஜ்’ இல்லை. அந்த இடத்தில் ‘லிட்டில் மெய்டன்’ என்ற வேறு பாட்டு. காரணம் எளிது. ஜனங்கள் எந்தப் பக்கத்துக்காகத் தட்டை வாங்கினாலும், மறுபக்கப் பாட்டின் உரிமைக்காரருக்கும் அதே காசு போகும். பாட்டி பேஜ் பாட்டின் பதிப்பாளருக்குச் சும்மா ஏன் கொடுக்க வேண்டும்?

1954 ஜூலைத் தொடக்கத்தில் ‘ஷ்-பூம்’ பாப் பட்டியலுக்குள் நுழைந்தது. மெம்ஃபிஸில் எல்விஸ் தன் முதல் தட்டுக்காகப் பாடியது அதே வாரத்தில், ஜூலை 5 அன்று. சின்னக் கம்பெனியின் கறுப்பினப் பையன்கள் வெள்ளையர் பட்டியலில் முதல் பத்துக்குள் வருவது அன்றைக்குச் சாதாரண விஷயமில்லை. ராக் அண்ட் ரோலின் முதல் பெரிய பாட்டு எது என்று சண்டை போடுகிறவர்களில் ஒரு கட்சி இன்றைக்கும் ‘ஷ்-பூம்’ பக்கம்தான்.

டொரன்டோவிலிருந்து வந்தவர்கள்

அதற்குள் மெர்க்குரி கம்பெனி விழித்துக்கொண்டது. டொரன்டோவில் ஒரு தேவாலயப் பாட்டுப் பள்ளியில் பயின்ற நான்கு வெள்ளைக்கார இளைஞர்கள் க்ரூ கட்ஸ் என்ற பெயரில் பாடிக்கொண்டிருந்தார்கள். பெயரே அவர்களுடைய ஒட்ட வெட்டிய முடியிலிருந்து வந்தது. அவர்களை வைத்து அதே ‘ஷ்-பூம்’. மெட்டு அதே, வார்த்தை அதே. சாக்ஸஃபோன் போய் ஒரு முழு இசைக்குழு வந்தது. பெரிய கெட்டில் டிரம் ஒன்று வழுக்கிக்கொண்டு மேலே போகும் சத்தமும் வந்தது. குரல்கள் சுத்தம், உச்சரிப்பு சுத்தம், யாரும் யார் காலையும் மிதிக்கவில்லை. அது மோசமான பாட்டு என்று நான் சொல்ல மாட்டேன், கேட்க ஜாலியாகத்தான் இருக்கிறது. ஆனால் கார்ட்ஸ் பாட்டைக் கேட்ட கையோடு அதைக் கேட்டால், சட்டை பித்தான் எல்லாவற்றையும் யாரோ கழுத்துவரை போட்டுவிட்ட உணர்வு வரும்.

1954 ஆகஸ்டிலும் செப்டம்பரிலும் வாரக்கணக்கில் முதலிடத்தில் இருந்தது க்ரூ கட்ஸ் தட்டுதான். கார்ட்ஸ் பாடியது அதற்குக் கீழே மெல்ல இறங்கிப்போனது. போதாததற்கு ஸ்டான் ஃப்ரீபெர்க் என்ற நகைச்சுவைக்காரர் அதே வருஷம் அந்தப் பாட்டைக் கிண்டலடித்து இன்னொரு தட்டு போட்டார். அதுவும் விற்றது.

ஏன் இப்படி? நிறவெறிதான் முதல் காரணம். பல வெள்ளையர் ரேடியோ நிலையங்கள் கறுப்பர் பாடிய தட்டைப் போடவே போடாது. அதே பாட்டை வெள்ளையர் பாடினால் போடும். அதோடு சரக்கு போய்ச் சேரும் வழியும் இருக்கிறது. மெர்க்குரி மாதிரிக் கம்பெனியால் நாடு முழுக்க ஒரே வாரத்தில் கடைகளை நிரப்ப முடியும். சின்னக் கம்பெனியின் தட்டு ஊருக்கு ஊர் வேறு வேறு விநியோகஸ்தர் கை மாறிப் போக வேண்டும். ‘ரேடியோவில் கேட்டேனே, அந்த ஷ்-பூம் கொடுங்கள்’ என்று வருகிறவர் கையில் கடைக்காரர் இருப்பதைத்தான் கொடுப்பார்.

இது எப்படிச் சட்டப்படி சரியாகும் என்று கேள்வி வரும். அதற்கு 1909-ஆம் ஆண்டின் அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். பொறுமையாக இருங்கள், கணக்கு சுலபம்தான். ஒரு பாட்டு முதல் தடவை தட்டில் வந்துவிட்டால், அதன்பிறகு யார் வேண்டுமானாலும் அதைப் பாடிப் பதிவு செய்யலாம். அனுமதி கேட்கத் தேவையில்லை. ஒரு பிரதிக்கு 2 சென்ட் பாட்டின் உரிமைக்காரருக்குக் கட்டினால் போதும். அந்த 2 சென்ட் 1977 வரை மாறவே இல்லை. சட்டம் காத்தது மெட்டையும் வார்த்தையையும் மட்டும். பாடிய விதம், அசைகளை அடுக்கிய விதம், நடுவில் சாக்ஸஃபோன் வரும் இடம் எதற்கும் காப்பு இல்லை. ஒலிப்பதிவு என்ற பொருளுக்கே கூட்டாட்சிச் சட்டத்தின் பாதுகாப்பு 1972-இல்தான் வந்தது. ஒரு தட்டின் இசையமைப்பை அப்படியே காப்பியடித்ததாக டெக்கா கம்பெனி மேல் சுப்ரீம் என்ற சின்னக் கம்பெனி போட்ட வழக்கு 1950-இல் தோற்றும் போயிருந்தது.

கார்ட்ஸ் குழுவுக்கு ஒரு நல்ல காலம், ‘ஷ்-பூம்’ எழுதியவர்கள் என்று ஐந்து பேர் பெயரும் தட்டில் இருந்தது. அந்தக் காலத்தில் இதுவே அபூர்வம். கம்பெனி முதலாளியோ ரேடியோக்காரரோ தன் பெயரையும் நுழைத்துக்கொள்வது சகஜமாக நடந்தது. அப்படியென்றால் க்ரூ கட்ஸ் விற்ற ஒவ்வொரு தட்டிலிருந்தும் இவர்களுக்கும் ஏதோ வந்திருக்க வேண்டும். எவ்வளவு? வழக்கமான பங்கீட்டை வைத்து ஒரு உத்தேசக் கணக்கு போடுவோம். 2 சென்டில் பாதி பதிப்பாளருக்கு. மீதி 1 சென்ட், ஐந்து பேருக்கு. ஆளுக்கு ஒரு சென்டில் ஐந்தில் ஒரு பங்கு. பத்து லட்சம் தட்டு விற்றால் ஆளுக்கு 2,000 டாலர். சின்னத் தொகை என்று சொல்ல முடியாது, அதை வைத்து வாழ்க்கையை ஓட்டவும் முடியாது. பாடியதற்கான கூலி தனி. அதில் ஒலிப்பதிவுச் செலவை முதலில் கழித்துக்கொள்வதுதான் கம்பெனிகளின் வழக்கம். ரேடியோவில் பாட்டு ஒலித்தால் எழுதியவருக்குக் காசு உண்டு, பாடியவருக்குக் கிடையாது. அமெரிக்காவின் சாதாரண ரேடியோ நிலையங்களைப் பொறுத்தவரை இன்றுவரை அதே நிலைமைதான்.

எழுதாமல் பாட மட்டும் செய்தவர்கள் பாடு இன்னும் மோசம். அட்லாண்டிக்கிலேயே பாடிய லாவெர்ன் பேக்கரின் ‘ட்வீட்லி டீ’ பாட்டை மெர்க்குரிக்காக ஜார்ஜியா கிப்ஸ் ஏறக்குறைய அச்சு அசலாகப் பாடி அவரை முந்திவிட்டார். பேக்கர் சும்மா இருக்கவில்லை. 1955-இல் தன் நாடாளுமன்ற உறுப்பினர் சார்லஸ் டிக்ஸுக்கு எழுதி, சட்டத்தை மாற்றச் சொன்னார். மாறவில்லை. பின்னால் அவர் ஆஸ்திரேலியாவுக்குப் பறக்கும் முன் விமானக் காப்பீடு எடுத்து, பணத்தைப் பெறுபவர் பெயராக ஜார்ஜியா கிப்ஸைப் போட்டார் என்று சொல்வார்கள். நான் போய்விட்டால் காப்பியடிக்க ஆளில்லாமல் அவர் பிழைப்பு என்னாவது என்ற குத்தல்.

பெயர் போச்சு, அடுத்த பாட்டும் போச்சு

‘ஷ்-பூம்’ ஓடிக்கொண்டிருக்கும்போதே கார்ட்ஸ் குழுவுக்கு அடுத்த இடி. ஜெம் என்ற இன்னொரு கம்பெனியில் கார்ட்ஸ் என்ற பெயரிலேயே வேறொரு குழு ஏற்கெனவே தட்டு போட்டிருந்தது. பெயரை விட வேண்டியதாயிற்று. கார்ட்கேட்ஸ் ஆனார்கள். அதுவும் ஒட்டவில்லை. அப்புறம் ஷ்-பூம்ஸ் என்று பாட்டின் பெயரையே குழுவுக்கு வைத்துக்கொண்டார்கள். நாடே ஒரு பெயரைக் கற்றுக்கொண்டிருக்கும் சமயத்தில் அந்தப் பெயரை இழப்பது எவ்வளவு பெரிய நஷ்டம் என்று யோசித்துப் பாருங்கள். அடுத்த தட்டைக் கடையில் தேடுகிறவர் எந்த எழுத்தில் தேடுவார்?

அடுத்த தட்டு ‘ஸிப்பிட்டி ஸம்’. பெயரைக் கேட்டதுமே புரிந்திருக்கும்: ‘ஷ்-பூம்’ மாதிரியே இன்னொன்று. எடுபடவில்லை. பிறகும் சில வருஷம் பாடினார்கள், ஆட்கள் மாறினார்கள், 1960 வாக்கில் முடிந்துபோனது.

இங்கேதான் இந்தக் குழுக்களில் ஒரு பொதுவான அமைப்பு எனக்குத் தெரிகிறது. ‘ஷ்-பூம்’ பின்பக்கப் பாட்டு. பென்குவின்ஸின் ‘எர்த் ஏஞ்சல்’ பின்பக்கப் பாட்டு. சில்லவெட்ஸின் ‘கெட் எ ஜாப்’ பின்பக்கப் பாட்டு. மூன்றிலும் கம்பெனி பெரிதாக எதிர்பார்த்தது முன்பக்கத்தை. பின்பக்கத்தில் யாரும் தலையிடவில்லை, பையன்கள் தங்கள் போக்கில் பாடினார்கள். வெற்றி வந்தபிறகு எல்லோரும் தலையிட்டார்கள். கார்ட்ஸுக்கு ‘ஸிப்பிட்டி ஸம்’, பென்குவின்ஸுக்கு ‘ஊக்கி ஊக்’. வேலை தேடச் சொல்லி வீட்டில் விரட்டுவதைப் பாடி வெற்றி பெற்ற சில்லவெட்ஸுக்கு, அடுத்தது ஏழைகள் விடுதிக்குப் போவதைப் பற்றி ஒரு பாட்டு. முதல் பாட்டை யாரும் திட்டம் போட்டுச் செய்யவில்லை, இரண்டாவதைத் திட்டம் போட்டுச் செய்தார்கள். கெட்டது அதனால்தான் என்பது என் எண்ணம்.

பென்குவின்ஸ் கதையில் வேறு ஒரு கோளாறும் சேர்ந்துகொண்டது. அவர்கள் லாஸ் ஏஞ்சலஸ்காரர்கள். கூல் சிகரெட் விளம்பரத்தில் வந்த பென்குவினைப் பார்த்துப் பெயர் வைத்துக்கொண்டவர்கள். 1954-இல் ‘எர்த் ஏஞ்சல்’ பதிவானது ஸ்டூடியோவில்கூட இல்லை, ஒரு வீட்டின் கார் நிறுத்தும் கொட்டகையில். பக்கத்து வீட்டு நாய் குரைக்கும்போதெல்லாம் நிறுத்தி, மறுபடி பாடவேண்டியிருந்தது என்று கம்பெனி முதலாளி டூட்ஸி வில்லியம்ஸ் சொல்லியிருக்கிறார். வெறும் மாதிரிப் பதிவு அது. அதைத் தட்டாகப் போட்டதும் பற்றிக்கொண்டது. டூட்டோன் கம்பெனி சின்னது. ஆர்டர் குவிந்ததில் தட்டின் நடுவே ஒட்டும் சிவப்புக் காகிதம் தீர்ந்துபோய், கிடைத்த நிறத்தில் எல்லாம் அடித்தார்கள். பழைய தட்டு சேகரிப்பவர்கள் இன்றைக்கு அந்த நிறங்களை வைத்துத்தான் பேரம் பேசுகிறார்கள்.

சின்னக் கம்பெனிக்குப் பெரிய வெற்றி ஏன் ஆபத்து என்பதற்கு இது நல்ல உதாரணம். தட்டு அடிக்கும் ஆலைக்கு உடனே பணம் கட்டவேண்டும். விநியோகஸ்தர்கள் கடனுக்கு வாங்கிக்கொண்டு மாதக்கணக்கில் இழுப்பார்கள். அவர்களிடம் வசூல் செய்ய ஒரே வழி அடுத்த ஹிட் கையில் இருப்பது: பழைய பாக்கியைக் கொடுத்தால்தான் புதுச் சரக்கு. ஹிட் இல்லையென்றால் பாக்கியும் வராது. பாடகர்கள் பங்கு கேட்கும்போது முதலாளி கையை விரிப்பதில் எப்போதும் பொய் இருந்தது என்று சொல்ல முடியாது. எப்போதும் உண்மை இருந்தது என்றும் சொல்ல முடியாது.

‘எர்த் ஏஞ்சல்’ 1955 தொடக்கத்தில் ரிதம் அண்ட் ப்ளூஸ் பட்டியலில் முதலிடம், பாப் பட்டியலில் எட்டாமிடம். அதையும் பாடினார்கள் க்ரூ கட்ஸ், மூன்றாமிடம் வரை போனார்கள். ஆக, டொரன்டோ பையன்கள் இரண்டு கதையிலும் வந்துவிட்டார்கள். காசு வரவில்லை என்று கோபத்தில் இருந்த பென்குவின்ஸ் பக் ராம் என்ற மேலாளரிடம் போனார்கள். மெர்க்குரி கம்பெனி அவர்களை ஆசையோடு கூப்பிட்டது. பக் ராம் ஒரு நிபந்தனை போட்டார். பென்குவின்ஸ் வேண்டுமென்றால் என்னிடம் இருக்கும் இன்னொரு குழுவையும் சேர்த்து எடுத்துக்கொள்ள வேண்டும். அந்த இன்னொரு குழு பிளாட்டர்ஸ். அடுத்த சில வருஷங்களில் ‘ஒன்லி யூ’, ‘தி கிரேட் பிரிடெண்டர்’ என்று உலகமே கேட்ட பாட்டுகளைக் கொடுத்தது அந்தக் கொசுறுக் குழுதான். பென்குவின்ஸ் பாப் பட்டியல் பக்கம் திரும்ப வரவே இல்லை.

சில்லவெட்ஸ் பற்றிச் சுருக்கமாகச் சொன்னால் போதும். ஃபிலடெல்ஃபியாவின் நான்கு பேர். ராணுவத்திலிருந்து திரும்பிய ரிக் லூயிஸை வேலை தேடச் சொல்லி அவர் அம்மா நச்சரித்ததிலிருந்து பிறந்த பாட்டு, 1958-இல் முதலிடம். அதற்குப் பதில் பாட்டாக ‘காட் எ ஜாப்’ என்று ஒன்றைப் பாடித்தான் மிராக்கிள்ஸ் என்ற டெட்ராய்ட் குழு தன் முதல் தட்டைப் போட்டது. ஸ்மோக்கி ராபின்சன் குழு அது. அதில் கைகொடுத்த பெர்ரி கோர்டி அடுத்த வருஷம் தொடங்கிய கம்பெனிதான் மோட்டவுன் ஆயிற்று. சில்லவெட்ஸ் பாட்டில் வரும் ‘ஷா நா நா’ என்ற அசையைப் பெயராக வைத்துக்கொண்டு 1969-இல் கொலம்பியா பல்கலைக்கழக மாணவர்கள் சிலர் பழைய பாட்டுக் குழு ஒன்றை ஆரம்பித்தார்கள். அதே வருஷம் வுட்ஸ்டாக் இசைவிழாவில் கிதார் கலைஞர் ஜிமி ஹெண்ட்ரிக்ஸுக்கு முன்னால் மேடையேறியவர்கள் அவர்கள்.

அந்த ஷா நா நா குழுவில் 1970-களில் பாடிய ஜான் பாமனிடம் வந்தால் பெயர்ப் பிரச்சினை மறுபடி தலைதூக்குகிறது. பழைய குழுக்களின் பெயரைச் சொந்தமாக்கிக்கொண்டு, அசல் பாடகர் ஒருவர்கூட இல்லாமல் கச்சேரி நடத்துவது பின்னாளில் பெரிய வியாபாரமானது. பாமன் அதை எதிர்த்து ஊர் ஊராகப் போய்ப் பேசினார். விளைவாக அமெரிக்காவின் 30-க்கும் மேற்பட்ட மாநிலங்கள், அசல் ஆள் இல்லாமல் அசல் குழு என்று விளம்பரம் செய்வதைத் தடுக்கச் சட்டம் போட்டன. 1954-இல் பெயரை இழந்து நின்ற ஐந்து பையன்களுக்கு அப்படி யாரும் வரவில்லை.

கேட்க விரும்புகிறவர்கள் கார்ட்ஸிலிருந்து தொடங்குங்கள். இணையத்தில் தேடும்போது கவனம் தேவை, ‘ஷ்-பூம்’ என்று போட்டால் பாதி நேரம் க்ரூ கட்ஸ்தான் வரும். ஆரம்பத்தில் வாத்தியமில்லாமல் குரல்கள் வந்தால், நடுவில் சாக்ஸஃபோன் வந்தால் அது அசல். கெட்டில் டிரம் வழுக்கினால் டொரன்டோ. 2006-இல் வந்த ‘கார்ஸ்’ அனிமேஷன் படம் பார்த்தவர்கள் அசலை ஏற்கெனவே கேட்டிருக்கிறார்கள். ரோலிங் ஸ்டோன் பத்திரிகையின் 2004-ஆம் வருஷத்து 500 சிறந்த பாட்டுகள் பட்டியலிலும் இடம் கிடைத்தது கார்ட்ஸுக்குத்தான், 215-ஆவது. அப்புறம் ‘எர்த் ஏஞ்சல்’ போடுங்கள். நாய்ச் சத்தத்துக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டேன், எனக்கு எதுவும் சிக்கவில்லை. கடைசியில் ‘கெட் எ ஜாப்’, உடனே தொடர்ந்து மிராக்கிள்ஸின் பதில். நான்கு பாட்டும் சேர்ந்து கால் மணி நேரம்கூட ஆகாது.